தாவணி கட்டிய கடற்கொள்ளைக்காரி

கடற்கொள்ளைக்காரிகளைப் பற்றிச் சிறுவர்களுக்குப் புத்தகம் எழுதுகிற மகானுபாவர்கள் ஒருவரும் ராயபுரம் பக்கம் வந்து மூச்சு இழுத்தவர்களாகத் தெரியவில்லை. வந்திருந்தால் கடற்காற்றின் இன்பமான மணம் என்று முதல் பக்கத்திலேயே ஆரம்பித்திருக்க மாட்டார்கள். எங்கள் கடற்காற்றில் கருவாடு இருந்தது, டீசல் இருந்தது, துறைமுகத்தில் இறங்கிய நிலக்கரித் தூள் இருந்தது. காலையில் காயப்போட்ட வெள்ளைச் சட்டை மாலையில் சாம்பல் நிறத்தில் கைக்கு வரும். இன்பம் இதில் எங்கே இருந்தது என்று இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை.

இவ்வளவு திட்டுகிற நான் அப்படி ஒரு புத்தகத்தை ஏழு தடவை படித்தேன். அது வேறு விஷயம்.

அப்போது எட்டாம் வகுப்பு. எங்கள் பள்ளிக்கூடத்தில் நூலகம் என்பது ஒரு பீரோ. அதன் சாவி ஒரு சிஸ்டரின் இடுப்பில், ஜெபமாலைக்குப் பக்கத்தில் தொங்கும். தையலும் ஓவியமும் சொல்லிக்கொடுத்தவரும் அவர்தான். வெள்ளிக்கிழமைதோறும் ஆளுக்கு ஒரு புத்தகம் கொடுப்பார். புனிதர்களின் வரலாறுகளுக்கு நடுவே ஒரு கொள்ளைக்காரி எப்படி நுழைந்தாள் என்பது ஆண்டவருக்கே வெளிச்சம்.

கதாநாயகிக்குப் பதினான்கு வயது. கப்பலுக்கே தலைவி. மூன்று கப்பல்களைப் பிடிக்கிறாள், ஒரு தடவைகூட வாந்தி எடுக்கவில்லை. மண்ணெண்ணெய்க்கு வரிசையில் நிற்கவில்லை, தம்பியை இடுப்பில் தூக்கவில்லை. எங்கள் தெருப் பெண்பிள்ளைகளும்தான் கொள்ளை அடித்தோம். துறைமுகத்திலிருந்து கோதுமை மூட்டை ஏற்றி வரும் லாரி திரும்புகிற முனையில் துடைப்பமும் முறமுமாகக் காத்திருப்போம். சிந்தியதைக் கூட்டி அள்ளிக்கொண்டு, காவல்காரர் தடியைத் தூக்குவதற்குள் சந்துக்குள் பாய்ந்துவிடுவோம். எங்களைப் பற்றி எவரும் புத்தகம் போடவில்லை. அட்டையில் துடைப்பம் இருந்தால் விற்காது போலிருக்கிறது.

புத்தகத்தின் நடுவில் ஒரு முழுப்பக்கப் படம். பாய்மரத்தின் உச்சியில், கையில் கத்தியோடு அவள் நிற்கிறாள். கணுக்கால் வரை பாவாடை, மேலே தாவணி. எனக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை. கொள்ளைக்காரியானாலும் குடும்பத்துப் பெண் என்று நினைத்துக்கொண்டேன். பாவாடைக்குக் கீழே ஒரு காலில் மட்டும் கோடு போட்ட துணி எட்டிப் பார்த்தது. உள்பாவாடை இறங்கியிருக்கிறது, பாவம், கப்பலில் எடுத்துச் சொல்ல ஒரு பெண்துணை இல்லை என்று அவளுக்காக வருத்தப்பட்டேன்.

புத்தகம் வாங்கி வந்த மறுநாள் நான் வயசுக்கு வந்தேன். மூலையில் உட்கார வைத்து, தட்டும் டம்ளரும் தனியாகக் கொடுத்து, உளுந்தங்களியை உருட்டி உருட்டித் திணித்தார்கள். பத்து நாள் பள்ளிக்கூடம் இல்லை. களியும் கொள்ளைக்காரியும்தான் துணை. மஞ்சள் தண்ணீர் ஊற்றித் தாவணி கட்டிவிட்ட அன்று, இனி எப்போதுமே பள்ளிக்கூடம் இல்லை என்று அம்மா சொன்னாள். எங்கள் தெருவில் சட்டம் அதுதான். தாவணி ஏறினால் புத்தகப்பை இறங்கிவிடும். போகிற வழியில் லாரிக்காரர்கள் நிற்கிறார்களாம். நான் கோதுமை பொறுக்கப் போனபோதும் அதே லாரிக்காரர்கள்தான் நின்றார்கள், அப்போது அவர்களுக்குக் கண் இல்லை போலும். அம்மா மார்க்கெட்டில் கருவாடு விற்றாள். நாளையிலிருந்து கூடைக்குப் பக்கத்தில் நானும் உட்கார வேண்டும். புத்தகத்தை என் அப்பா, நைனா, கொண்டுபோய்க் கொடுத்துவிடுவார், அதற்காகக்கூட நான் வாசல் தாண்ட வேண்டாம் என்று முடித்துவிட்டாள்.

நான் அழுது புரண்டேன். கணக்கில் வகுப்பிலேயே முதலாவதாக வந்துகொண்டிருந்தேன்.

நைனாவுக்குத் தண்டையார்பேட்டையில் ஒரு கிடங்கில் மூட்டைகளுக்கு மார்க் போடுகிற வேலை. எழுத்து வெட்டிய தகரத்தை மூட்டை மேல் வைத்து மை தேய்க்க வேண்டும். நாள் முழுக்க எழுத்து போடுவார், ஓர் எழுத்தும் படிக்கத் தெரியாது. சம்பளத்துக்குக் கட்டைவிரலைத்தான் வைப்பார். அதைத் தனியாக மையில் தோய்க்க வேண்டிய அவசியமே இருந்ததில்லை, விரல் எப்போதும் கறுப்பாகத்தான் இருக்கும்.

அன்று மாலை அவர் வந்ததும், கடைசி ஆயுதமாக அந்தப் படத்தை விரித்து நீட்டினேன். இவளும் தாவணி கட்டியவள்தான், பாய்மரமே ஏறுகிறாள் என்றேன். அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"கைநாட்டுகிட்ட புஸ்தகத்தக் காட்றா பாரு," என்றாள்.

நைனா படத்தை வெளிச்சத்துக்குக் கொண்டுபோய், இப்படியும் அப்படியும் சாய்த்துப் பார்த்தார். படம்கூடப் பார்க்கத் தெரியாத மனுஷன் என்று எனக்கே எரிச்சலாக இருந்தது. பிறகு கட்டைவிரலைப் படத்தின் அடியில் அழுத்திப் பிடித்தபடி அம்மாவின் முகத்துக்கு நேரே நீட்டினார்.

"இன்னாமே, நல்லா பாரு. தாவணி கட்டிகினு எம்மாம் ஒசரத்துல நிக்கிது இந்தப் பொண்ணு. நம்ம பொண்ணு நாலு தெரு தாண்டி இஸ்கூலுக்குப் போவக் கூடாதா?"

அம்மா வெகு நேரம் பார்த்தாள். மடிப்பைப் பார்த்தாள், இடுப்பில் செருகிய விதத்தைப் பார்த்தாள், மூட வேண்டியது மூடியிருக்கிறதா என்று பார்த்தாள். கொள்ளைக்காரியிடம் ஒரு குறையும் அகப்படவில்லை. அச்சில் வந்ததை மறுத்துப் பேசுகிற பழக்கம் அவளுக்கு இல்லை, ஜெபப் புத்தகமும் அச்சில்தானே வருகிறது. தாவணியில் ஊக்குக் குத்திக்கொண்டு, குனிந்த தலை நிமிராமல் போய்வர வேண்டும் என்று உத்தரவு போட்டாள். திங்கட்கிழமை போனேன்.

சிஸ்டர் புத்தகத்தைப் புரட்டினார். படத்தின் அடியில் பதிந்திருந்த கறுப்பு ரேகையைப் பார்த்துக் கொதித்துப்போனார். உள்ளங்கையில் இரண்டு அடி, அந்த வருடம் முழுக்க எனக்குப் பீரோ கிடையாது. அச்சடித்த படத்தில் மை பூசுவது எவ்வளவு பெரிய பாவம் என்று வகுப்புக்கே உபதேசம் நடந்தது.

எஸ்.எஸ்.எல்.சி. முடித்து, தட்டச்சு கற்று, துறைமுகத்துக்கு எதிரே ஓர் அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தேன். ஒரு சம்பள நாளில் பாரிமுனை நடைபாதையில், பழைய புத்தகக் குவியலில், அதே புத்தகத்தின் வேறொரு பிரதியில் அவளை மறுபடி பார்த்தேன். நடுப்பக்கத்தைத் திருப்பினேன். பாவாடையும் இல்லை, தாவணியும் இல்லை. மேல் பித்தான் போடாத சட்டை, கோடு போட்ட கால்சட்டை. ஒரு காலில் அது முழங்கால் வரை சுருட்டியிருந்தது, மற்றதில் பாதம் வரை தொங்கியது. எங்கள் சிஸ்டர் தையல் டீச்சர் அல்லவா, பேனாவாலேயே முழு உடுப்பும் தைத்து மாட்டியிருக்கிறார். ஒரு காலை மட்டும் மூட மறந்துவிட்டார். மை பூசுவது பாவம் என்று எனக்கு அடி கொடுத்த அதே கை.

நடுத்தெருவில் தனியாகச் சிரித்தேன். வாங்கிக்கொண்டு ஓடிப்போய், அம்மா மார்க்கெட்டிலிருந்து வருவதற்குள் நைனாவிடம் காட்டினேன். நாம் எல்லோரும் ஏமாந்ததைப் பாருங்கள் என்றேன். அவர் சிரிக்கவில்லை.

"நீயும் உங்கம்மாவும்தான் ஏமாந்தீங்க," என்றார். "மார்க் போடறவன்மா நானு. அச்சு எது, மேல கையால போட்டது எதுன்னு எனக்குத் தெரியாதா?"

வெளிச்சத்தில் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தது ஞாபகம் வந்தது. ரேகை பதிந்திருந்த இடமும் ஞாபகம் வந்தது, அது அந்த ஒற்றைக் கால் இருந்த இடம். அம்மா கண்ணில் அந்தக் கோடு போட்ட கால்சட்டை பட்டிருந்தால் இன்று நான் கருவாட்டுக் கூடைக்குப் பக்கத்தில் ஈ ஓட்டிக்கொண்டிருப்பேன்.

நைனா தன் கட்டைவிரலைத் திருப்பிப் பார்த்துக்கொண்டார்.

"கைநாட்டுதான் நானு. ஆனா எங்க வெக்கணும்னு தெரியும்," என்றார்.