மாட்டுப்பட்டிக் காளான்

அது தொண்ணூற்றேழாம் ஆண்டு, ஐப்பசி அடைமழை கொஞ்சம் விட்டிருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை. இலங்கையில் ஓப்பநாயக்க ஊருக்கு மேலே இருக்கும் ஒரு தேயிலைத் தோட்டத்துக்கு நான் மருமகளாக வந்து மூன்று மாதம்தான் ஆகியிருந்தது.

அத்தை, அதாவது என் மாமியார், தன் அண்ணன் மகளைத்தான் மகனுக்குக் கட்டுவதென்று பேசிவைத்திருந்தார். மகனோ கேகாலைப் பக்கத்து ரப்பர் தோட்டத்திலிருந்து என்னைக் கூட்டிக்கொண்டு வந்து நின்றார். அதனால் அத்தை என்னிடம் முகம் கொடுத்துப் பேசமாட்டார். சோறு இருக்கிறதா என்பதைக்கூட எங்கள் பூனையைப் பார்த்துத்தான் கேட்பார். கணவருக்கு இரத்தினபுரியில் ஒரு கடையில் வேலை. மாதம் ஒருமுறைதான் வருவார். மற்ற நாளெல்லாம் தோட்டத்து வரிசை வீடான லயத்தில், எங்கள் ஒற்றை அறைக் காம்பராவில் நான், அத்தை, பூனை.

ரப்பர் தோட்டத்தில் பிறந்தவளுக்குக் காளான் தெரியாமல் இருக்குமா? சாய்ந்து கிடக்கும் மரங்களில் பறித்துத் தின்றே வளர்ந்தவள் நான். அந்தத் திமிர் எனக்கு நிறையவே இருந்தது. அன்று விறகு பொறுக்கப் போனபோது, மாட்டுப்பட்டிக்குப் பின்னால் ஊறிக் கிடந்த பழைய சாணியில் சின்னச் சின்னக் குடைகள் முளைத்திருந்தன. நடுவில் பொன்னிறம், ஓரம் வெளுப்பு, ஒல்லியான தண்டு. மடி நிறையப் பறித்தேன்.

கிள்ளிய இடமெல்லாம் நீலம் பாய்ந்தது. அப்போதாவது யோசித்திருக்க வேண்டும். காலையில்தான் வெள்ளைத் துணிக்கு நீலம் போட்டிருந்தேன்; என் விரலில் இருந்தது ஒட்டுகிறது என்று நினைத்துக் கழுவிவிட்டேன். எங்கள் பக்கம் மஞ்சள் போட்டு வேகவைத்துப் பார்ப்பார்கள், கறுத்தால் விஷம் என்பார்கள். இது கறுக்கவில்லை. தேங்காய்ப்பால் விட்டு, மிளகு தட்டிப்போட்டுக் குழம்பு வைத்தேன்.

அத்தை ஒரு வாய் வைத்தார். மூன்று மாதத்தில் முதல்முறையாக என் முகத்தைப் பார்த்து, "இன்னும் கொஞ்சம் ஊத்து" என்றார். எனக்குத் தலைகால் புரியவில்லை. சட்டியில் இருந்த காளானெல்லாம் அவர் தட்டுக்கே போனது. அடிக்குழம்பை நான் சோற்றில் பிசைந்து சாப்பிட்டேன்.

அரை மணி நேரம் போயிருக்கும். அத்தை தனக்குத்தானே சிரிக்க ஆரம்பித்தார்.

"இந்தப் பூனைக்கு மீசை நீண்டுகிட்டே போவுது புள்ள" என்றார்.

எனக்கும் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. பக்கத்துக் காம்பரா அக்கா பதறி ஓடிவந்தார். நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து சிரிப்பதைக் கேட்டதுமே ஏதோ விபரீதம் என்று அவருக்குத் தெரிந்துவிட்டதாம்.

கொஞ்ச நேரத்தில் அத்தையின் சிரிப்பு அழுகையானது. நெஞ்சு படபடத்தது, கண்மணி விரிந்து கிடந்தது. சுவர் தன்மேல் சாய்கிறது என்று என் கையைப் பிடித்தவர் விடவே இல்லை. எனக்குத் தெளிந்தபோதுதான் பயம் வந்தது. மாமியாருக்கு விஷம் வைத்தவள் என்று பேர் விழுந்தால் அந்த லயத்தில் எனக்கு ஏது வாழ்வு? அத்தைக்கு ஏதாவது ஆகிவிட்டால் என்ன செய்வேன்?

நாலு பேர் சேர்ந்து அத்தையைத் தோட்டத்து டிஸ்பென்சரிக்குக் கைத்தாங்கலாகக் கொண்டுபோனோம். மருந்தய்யா உப்புத்தண்ணீர் கொடுத்து வாந்தி எடுக்கவைத்தார். பிறகு, அக்கா கையோடு கொண்டுவந்திருந்த சட்டியில் ஒட்டிக் கிடந்த காளான் துண்டைப் பார்த்துவிட்டு, "சாணியில மொளைச்சத யாரு சமைச்சது?" என்று அதட்டினார். வாசலில் பாதி லயம் நின்றது.

கட்டிலில் கிடந்த அத்தை கண்ணைத் திறக்காமலே சொன்னார். "நாந்தாங்க ஐயா. இந்தப் புள்ள வேணாம் வேணாம்னு தலபாடா அடிச்சுக்கிட்டுச்சு. நாந்தான் கேக்கல."

பொழுது சாய்வதற்குள் அவருக்குத் தெளிந்துவிட்டது. வீட்டுக்கு வரும் வழியில் கேட்டேன். "ஏன் அத்தை அப்பிடிச் சொன்னீங்க?"

"ஒம்பேரச் சொன்னா ஒன்னய வாழவிடமாட்டாங்க. எம்பேரச் சொன்னா, கெழவிக்கு நாக்கு நீளம்னு சிரிச்சிட்டுப் போயிருவாங்க. பேசாம வா."

அப்படியேதான் சிரித்தார்கள். சிங்களத்தில் காளானை ஹத்து என்பார்கள். அன்றிலிருந்து அத்தைக்கு 'ஹத்துக் கெழவி' என்று பேராகிவிட்டது. கொழுந்து நிறுக்கும் இடத்தில்கூட அப்படித்தான் கூப்பிட்டார்கள். அத்தை ஒருநாளும் மறுத்துப் பேசியதில்லை. அதன் பிறகு பூனையைப் பார்த்துப் பேசவும் இல்லை.

அத்தை இறந்த முப்பதாம் நாள் படையலின்போது மனம் பொறுக்காமல் எல்லோர் முன்னாலும் உண்மையைச் சொன்னேன். ஒருவரும் நம்பவில்லை. செத்த பிறகும் மாமியாரை விட்டுக்கொடுக்காத மருமகள் என்று என்னையே மெச்சினார்கள். இப்போதும் யாராவது அப்படிச் சொல்லிப் பாராட்டினால் எனக்கு வெட்கமாக இருக்கிறது, கூடவே அத்தையை நினைத்துக் கண் நிறைந்துவிடுகிறது.