பட்டாளத்தார் கேட்ட பழைய ரொட்டி

"தம்பி, ரெண்டு நாள் பழைய ரொட்டி இருக்கா?"

பேக்கரி கவுண்டரில் நான் உட்கார்ந்த முதல் வாரத்தில் ஒருவர் வந்து கேட்டது இது. முறுக்கிய மீசை, தேய்த்த சட்டை, விறைப்பான நடை. பார்த்தால் ரொட்டிக்குப் பேரம் பேசுகிற ஆளாகத் தெரியவில்லை. நான் உள்ளே திரும்பி முதலாளியைப் பார்த்தேன்.

எழுபதுகளின் கடைசி அது. சங்கரன்கோவில் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்துத் தெருவில் எங்கள் பேக்கரி. எங்கள் குடும்பத்தில் எஸ்.எஸ்.எல்.சி. முடித்த முதல் ஆள் நான். அப்பா ஊரில் எல்லாரிடமும், "பையன் சங்கரன்கோவில்ல ஆபீஸ்ல இருக்கான்" என்று சொல்லிவைத்திருந்தார். கடையிலும் மேசை, நாற்காலி, பில் புக் எல்லாம் இருந்ததால் நானும் அதைத் திருத்தப் போகவில்லை.

இந்தத் தொழிலுக்குப் புதிதாக வருகிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். பேக்கரியில் 'பழசு' என்பது சத்தமாகச் சொல்லக்கூடாத வார்த்தை. மிஞ்சின ரொட்டியை மறுநாளே வெட்டி ரஸ்க்குக்குப் போட்டுவிடுவோம். அப்படிப்பட்ட கடையில் நாலு பேர் நிற்கும்போது ஒருவர் வந்து பழைய ரொட்டி கேட்டால் எப்படி இருக்கும்?

முதலாளியை நாங்கள் அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவோம். அவர் எழுந்து வந்தார்.

"நம்ம கடையில பழசு விக்கதே இல்ல வே. யாரு சொன்னா உமக்கு?"

"இல்லாட்டி எனக்காக எடுத்து வையுங்க அண்ணாச்சி. பொங்கலுக்கு மறுநாள், கரிநாளைக்கு, வீட்டுல எல்லாரும் கூடுதாங்க. ஒரு பலகாரம் செய்யணும். இனிப்பு போடாத சால்ட் ரொட்டிதான் வேணும். அப்புறம் உங்க அடுப்பையும் ஒரு மணி நேரம் தரணும்."

அவர் பெயர் கந்தசாமி. குருவிகுளம் போகிற வழியில் ஒரு கிராமம். பட்டாளத்திலிருந்து ஓய்வு பெற்று வந்து சில மாதம் ஆகியிருந்தது. பொங்கலன்று மத்தியானம் சாமான்களோடு வந்து, எங்கள் கடையிலேயே பலகாரத்தை அடுக்கி வைத்துவிட்டு, மறுநாள் விடியலில் சுட்டு எடுத்துப் போவதாக ஏற்பாடு.

"அடுக்கி வச்சா? ராத்திரி பூராவுமா?" என்றேன்.

"ஆமா. ரொட்டி பாலும் முட்டையும் குடிச்சு ஊறணும். காலையில சுடணும். பட்டாளத்து மெஸ்ல இதுக்குக் கேசரோல்னு பேரு. நாங்க ரொட்டிக்கறின்னு சொல்லுவோம்."

அவர் போன பிறகும் எனக்கு அதே யோசனை. ரொட்டியில் ஒரு சொட்டுத் தண்ணீர் பட்டாலே எங்கள் ரொட்டி மாஸ்டர் கத்துவார். இவர் ராத்திரி முழுக்க ஊறவைக்கப் போகிறாராம்.

அண்ணாச்சியின் நல்ல மனசு

பொங்கலுக்கு முந்தின நாள் அண்ணாச்சி எங்கள் தங்கையா மாஸ்டரைக் கூப்பிட்டார். மாஸ்டர் நாகர்கோவில் பக்கத்துக்காரர். பண்டிகைக்கும் ஊருக்குப் போகாமல் கடைக்குப் பின்னாலேயே தங்கியிருப்பவர்.

"மாஸ்டர், அந்தப் பட்டாளத்தாருக்கு நாளைக்கு விடியக்காலம் ஒரு ஈடு புதுசாப் போட்டுரும்."

"அவரு பழசுல்லா கேட்டாரு?"

"வே, ஒரு மனுசன் வீட்டு விசேஷத்துக்கு எவன்வே பழைய ரொட்டி கேப்பான்? கையில இல்ல. வாய்விட்டுச் சொல்லக் கூச்சம். புதுசையே பழசு விலைக்குக் குடுத்துருவோம். அவருட்ட ஒண்ணும் சொல்லிக்கிட வேண்டாம்."

எனக்கு அண்ணாச்சி மேல் மரியாதை கூடிப்போனது. பொங்கலன்று எல்லாக் கடையும் மூடிக் கிடக்க, ஒருவருக்காகவே உடைமர விறகு எரித்து அடுப்பைச் சூடாக்கி ஒரு ஈடு ரொட்டி எடுத்தோம். பஞ்சு மாதிரி வந்திருந்தது. மாஸ்டரே ஒன்றை எடுத்து அமுக்கிப் பார்த்துச் சிரித்துக்கொண்டார்.

மத்தியானம் கந்தசாமி வந்தார். ஒரு கையில் முட்டைக் கூடை, ஒரு கையில் பால் தூக்கு. வெங்காயத்தோடு வதக்கிய கொத்துக்கறி ஒரு பானையில். மிலிட்டரி கேண்டீன் சீஸ் டின் இரண்டு. சாக்கில் மரத்தூளுக்குள் ஒரு ஐஸ் பாரு, ராத்திரி தட்டுகளை அதன்மேல் வைக்க. எல்லாவற்றையும் மேசையில் வரிசையாக வைத்து, கையைக் கழுவிக்கொண்டு, ஆபரேஷனுக்கு நிற்கிற டாக்டர் மாதிரி நின்றார்.

ரொட்டியை வெட்டினார். கத்தி போன பக்கமெல்லாம் துண்டு அமுங்கியது. ஒரு மாதிரியாகப் பார்த்தார். ஒரு தட்டில் ரொட்டி அடுக்கி, கறி பரப்பி, மறுபடி ரொட்டி அடுக்கி, பாலில் அடித்த முட்டையை மேலே ஊற்றினார்.

கொஞ்ச நேரத்தில் அந்தத் தட்டில் ரொட்டியே இல்லை. கூழ். கறி அதில் மிதந்தது.

கந்தசாமி ஒரு விரலை விட்டுப் பார்த்தார். "இது எப்பப் போட்ட ரொட்டி?"

நான் மாஸ்டரைப் பார்த்தேன். மாஸ்டர் கூரையைப் பார்த்தார்.

"இன்னைக்கு விடியக்காலம்" என்றேன். "அண்ணாச்சிதான், உங்களுக்கு நல்லதாக் குடுக்கணும்னு..."

அவர் கோபப்படுவார் என்று நினைத்தேன். அவரோ ஒரு மைதா மூட்டையின்மேல் உட்கார்ந்துவிட்டார்.

எதற்காக அந்தப் பலகாரம்

"நாளைக்குக் காலையில எங்க வீட்டுல முப்பது பேரு பந்தியில உக்காருவாங்க. எங்கண்ணன் நடுவுல உக்காருவாரு" என்றார் கந்தசாமி. "ஊருக்குள்ள அவரு என்ன சொல்லி வச்சிருக்காரு தெரியுமா? தம்பி பார்டர்ல துப்பாக்கி புடிச்சு நின்னவன்னு. டீக்கடையில, சந்தையில, கோயில்ல, எங்க போனாலும் இதே பேச்சு."

"நிக்கலையா?" என்றேன்.

"நான் ஆபீசர் மெஸ்ல சமையக்காரன்லே. சேந்த நாள்லேர்ந்து கரண்டிதான்."

மாஸ்டர் அடக்க முடியாமல் சிரித்தார். பிறகு அவரே நிறுத்திக்கொண்டார்.

"எங்க ஆட்கள் நெலம் நீச்சுன்னு இருக்கவங்க. ஆம்பள அடுத்தவனுக்குச் சோறு பொங்கிப் போட்டான்னா கேவலம்பாங்க. அதனால நானும் சொல்லாம விட்டுட்டேன். இப்ப திருவேங்கடத்துல ஒரு ஓட்டல் போடணும்னு ஆசை. அண்ணன் சரின்னு சொல்லாம எங்க வீட்டுல ஒண்ணும் நடக்காது. வாயால சொல்லிப் பாத்தேன், வரமாட்டேங்கு. திங்க வச்சுட்டுச் சொன்னா ஒருவேளை கேப்பாருன்னு நெனச்சேன்."

மிச்ச ரொட்டி மேசையில் இருந்தது, அத்தனையும் புதுசு. பழசு என்று கடையில் ஒரு துண்டு கிடையாது. எல்லாம் ரஸ்க்காகி, சர்க்கரை பூசி டின்னுக்குள் போயிருந்தது.

எனக்குச் சின்ன வயசிலிருந்தே ஒரு பழக்கம். தெரியாததைக் கேட்டுவிட வேண்டும். பள்ளிக்கூடத்தில் இதற்காக நிறைய அடி வாங்கியிருக்கிறேன்.

"பழைய ரொட்டின்னா என்ன மாஸ்டர்?"

"என்னலே கேள்வி இது? பழசுன்னா பழசு."

"இல்ல, ரெண்டு நாள்ல ரொட்டிக்கு என்ன ஆகுது?"

"காஞ்சு போகும். ஈரம் போயிரும்."

"அந்த ஈரம் போறதுக்கு ரெண்டு நாள்தான் ஆகணுமா?"

மாஸ்டர் என்னைப் பார்த்தார். அப்புறம் அடுப்பைப் பார்த்தார். விடியக்காலம் எரித்த அடுப்பு. செங்கல் இன்னும் வெதுவெதுப்பாக இருந்தது. ரஸ்க் போடுவதும் இப்படிச் சூடு தணிகிற அடுப்பில்தான்.

"ஏலே! அந்த ரொட்டியை எடு!"

வெட்டிய துண்டுகளை ரஸ்க் தகட்டில் பரப்பி உள்ளே தள்ளினார். கதவை முழுக்க மூடவில்லை, நீராவி போக ஒரு கட்டையைக் கொடுத்து நிறுத்தினார். மூன்று பேரும் அடுப்பு வாயிலேயே நின்றோம். கந்தசாமி பத்து தடவை கேட்டார்: "ரஸ்க் ஆயிராதே? ரஸ்க் ஆயிராதே?"

"முழுசாப் போனாத்தான் ரஸ்க். இதைப் பாதியில புடிப்போம்" என்றார் மாஸ்டர். ஒரு துண்டை எடுத்து வளைத்தார். ஓரம் விறைத்து, நடு மட்டும் கொஞ்சம் கொடுத்தது. கந்தசாமி அதை வாங்கிக் கிண்ணத்துப் பாலில் போட்டார். துண்டு பாலைக் குடித்தது, ஊதியது, ஆனால் கரையவில்லை. வெளியே எடுத்தால் முழுசாக வந்தது.

பட்டாளத்தார் முகத்தில் அன்றைக்கு முதல் தடவையாகப் பல் தெரிந்தது. சாயங்காலத்துக்குள் எல்லாத் தட்டையும் அடுக்கி, மேலே சீஸ் போட்டு, ஐஸ் பாரின்மேல் வைத்துவிட்டோம்.

கரிநாள் காலை

மறுநாள் விடியலில் மாஸ்டர் அடுப்பை மறுபடி எரித்து, தணலை வாரி வெளியே இழுத்து, ஈரச்சாக்கால் தளத்தைத் துடைத்தார். ஒரு சிட்டிகை மைதாவைத் தளத்தில் எறிந்து, அது எவ்வளவு வேகமாகச் சிவக்கிறது என்று பார்த்துச் சூட்டைத் தெரிந்துகொண்டார். தட்டுகள் உள்ளே போயின.

வெளியே வந்தபோது ஒவ்வொன்றும் விளிம்புக்கு மேல் எழும்பி, சீஸ் உருகிப் பொன்னிறமாக இருந்தது. ராத்திரி தட்டையாகக் கிடந்தது இப்படி எழும்பும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. கந்தசாமி ஒருவராகத் தூக்க முடியாது என்று நானும் கூடப் போனேன். சூடு போகாமல் சாக்கில் சுற்றி குருவிகுளம் பஸ்ஸில் ஏற்றினோம்.

"என்ன வே, இப்படி மணக்கு? டிக்கெட் வேண்டாம், ஒரு துண்டு தாரும்" என்றார் கண்டக்டர்.

கந்தசாமி சிரிக்கவில்லை. சாக்கை இறுக்கிப் பிடித்தபடி வந்தார்.

வீட்டு முற்றத்தில் பந்தி போட்டிருந்தார்கள். நடுவில் அண்ணன், வெள்ளை மீசை, தோளில் துண்டு. கந்தசாமி கத்தியால் சதுரம் சதுரமாக வெட்டி இலையில் வைத்தார். ரொட்டியும் கறியும் அடுக்கடுக்காகத் தெரிந்தன.

"என்னலே இது, கேக்கா?" என்றார் அண்ணன்.

"தின்னு பாருங்கண்ணே."

அண்ணி வாசலில் நின்று, "கேக்குக்குள்ள கறியா? கொழுந்தனாரு நம்மள வச்சு என்னமோ சோதிச்சுப் பாக்காரு" என்றார். பந்தி சிரித்தது. ஆனால் முதல் வாய்க்குப் பிறகு சிரிப்புச் சத்தம் குறைந்துபோனது. சின்னப் பிள்ளைகள் இரண்டாவது துண்டுக்குக் கை நீட்டினார்கள்.

அண்ணன் மெதுவாக மென்றார். "எந்த ஓட்டல்ல வாங்குன?"

"நான் செஞ்சதுண்ணே."

"நீயா?"

"பட்டாளத்துல இதுதான் செஞ்சேன். ஆபீசர்மாருக்குச் சமையல். துப்பாக்கி இல்ல."

நான் காலித் தட்டைப் பிடித்தபடி நின்றேன். அண்ணன் கையிலிருந்த துண்டை இலையில் வைத்தார்.

"அம்மா சாகுறவரைக்கும் ராத்திரி ஒழுங்கா ஒறங்கல" என்றார். "பிள்ளை துப்பாக்கிக்கு முன்னால நிக்கானேன்னு. அடுப்புக்கு முன்னாலதான் நிக்கேன்னு ஒரு வரி எழுதியிருந்தா அவ நிம்மதியாப் போயிருப்பாளேலே."

கந்தசாமி தலையைக் குனிந்துகொண்டார். அவர் பயந்தது கேவலத்துக்கு. இப்படி ஒன்றை அவர் யோசித்ததே இல்லை என்று அவர் நின்ற நிலையிலேயே தெரிந்தது.

அண்ணன் இலையை முன்னால் நகர்த்தினார்.

"இன்னொண்ணு வை. ஓரத்துல இருக்குல்லா, அந்த மொறுமொறுன்னு இருக்கது."

சாப்பிட்டுக் கை கழுவும்போது அவரே கேட்டார்: "மேற்கொண்டு என்ன செய்யப் போற?"

"திருவேங்கடத்துல ஓட்டல் போடலாம்னு..."

"எடம் பாக்கப் போகும்போது சொல்லு. நானும் வாரேன்."

பேக்கரியில் சேருகிறவர்களுக்கு

நான் திரும்பி வந்து நடந்ததைச் சொன்னதும் அண்ணாச்சி தலையைச் சொறிந்தார். பிறகு கவுண்டரில் ஒரு தட்டைத் தனியாக வைக்கச் சொன்னார். நேற்றைய ரொட்டி, எல்லார் கண்ணிலும் படும்படி. திருவேங்கடத்தில் கந்தசாமி போட்ட ஓட்டலுக்கு இன்றைக்கும் அதிலிருந்துதான் போகிறது.

கவுண்டரில் புதிதாக நிற்கிறவர்களிடம் நான் சொல்வது இதுதான். ஒருவர் விநோதமாக ஏதாவது கேட்டால் சிரிக்காதீர்கள், பாவம் என்று இரக்கப்பட்டும் விடாதீர்கள். "எதுக்கு?" என்று கேளுங்கள். அண்ணாச்சி அன்றைக்கு அந்த ஒரு வார்த்தை கேட்டிருந்தால் ஒரு தட்டு கறி கூழாகியிருக்காது.

அந்த வாரக் கடைசியில் நான் ஊருக்குப் போனேன். அப்பாவோடு டீக்கடையில் நிற்கும்போது ஒருவர், "மகன் எந்த ஆபீஸ்ல வே?" என்று கேட்டார். அப்பா வாயைத் திறப்பதற்குள் நான் சொல்லிவிட்டேன்: "ரொட்டிக் கடையில மாமா. பஸ் ஸ்டாண்டு பக்கம்."

அப்பா டீயைப் பாதியில் வைத்துவிட்டு வீட்டைப் பார்த்து நடந்தார். வாசலில் நான் பையிலிருந்து ரொட்டியை எடுத்தபோது அதை வாங்கி அமுக்கிப் பார்த்தார்.

"இது இன்னைக்குப் போட்டதா?"

"நேத்து போட்டதுப்பா. எதுக்குக் கேக்கீங்க?"

"நாளைக்கு உங்க அக்கா வாரா. நீ ரொட்டிக் கடையில இருக்கன்னு சொன்னா, இது எப்பப் போட்டது, அடுப்பு எப்படி இருக்கும்னெல்லாம் கேப்பா. சொல்லணும்லா" என்றார்.