எங்கள் ஸ்டேஷனில் வண்டி நிற்கும் நேரம்

எங்கள் ஸ்டேஷன் ஊருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு இருக்கிறது. ஊர் தண்டவாளத்துக்குத் தெற்கே. கட்டடம், டிக்கெட் ஜன்னல், பிளாட்பாரம் எல்லாம் வடக்கே, தார் ரோட்டைப் பார்த்து. அந்த ரோட்டில் ஒரு வீடு கிடையாது. யாரை நினைத்துக் கட்டினார்களோ! நான் அருப்புக்கோட்டையில் பிறந்து, திருச்சுழி போகிற வழியில் இருக்கும் இந்தக் கரிசல் ஊருக்கு வாக்கப்பட்டு வந்தவள். விருதுநகரில் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை. அதனால் இந்த ஸ்டேஷனைத் தினம் இரண்டு தடவை திட்டும் பாக்கியம் எனக்கு உண்டு.

மீட்டர்கேஜ் காலத்தில் பிளாட்பாரம் ஊர்ப் பக்கம்தான் இருந்ததாம். பிளாட்பாரம் என்றால் ஒரு மண்மேடு, ஒரு வேப்பமரம், ஒரு கல்பெஞ்சு. வேலி கிடையாது. வண்டி வரும்போது பருத்திக்காட்டு வழியாக யாராவது ஓடி வந்தால், தோளில் கிடக்கும் துண்டை எடுத்து ஆட்டுவார்கள். டிரைவர் பார்த்துவிட்டு நீளமாக ஓர் ஊதல் கொடுப்பார். பார்த்துவிட்டேன், மெதுவாக வா என்று அதற்கு அர்த்தம். அதற்கப்புறம் ஓட வேண்டியதில்லை, வேட்டியைச் சரிசெய்துகொண்டு நடந்தே வரலாம். கல்யாணமான புதிதில் என் வீட்டுக்காரர் இதைச் சொல்லிச் சொல்லிப் பெருமைப்படுவார்.

"ஒங்க ஊருல ஓடுனது ரயிலா, மாட்டு வண்டியா?" என்று கேட்பேன்.

"போ புள்ள, டவுனுக்காரிக்கு இதெல்லாம் எங்க தெரியப்போகுது" என்பார்.

பிறகு அகலப்பாதை போடுவதற்காகத் தண்டவாளத்தைப் பெயர்த்தார்கள். வருஷக்கணக்கில் ரயிலே இல்லை. சீமைக்கருவேலம் மண்டி, மண்மேடு இருந்த இடம் தெரியாமல் போனது. புதுப்பாதை வந்தபோது மண்ணடித்து உயர்த்தினார்கள், பிளாட்பாரத்தை வடக்கே கொண்டுபோனார்கள், தெற்கே நீளத்துக்கும் வேலி போட்டார்கள். தண்டவாளத்தைக் கடக்கிற ரயில்வே கேட்டை மூடிவிட்டு, ஊருக்கு வெளியே தள்ளி ஒரு சுரங்கப்பாதை தோண்டினார்கள். அவ்வளவு தூரம் சுற்றிப் போக யாருக்குப் பொறுமை இருக்கிறது? கிழக்குக் கோடியில் வேலிக்கம்பியை வளைத்து ஆள் நுழைகிற மாதிரி ஒரு சந்து வைத்துக்கொண்டார்கள். அடைத்தால் மறுவாரமே வளைத்துவிடுவார்கள். சந்தில் நுழைந்து, தண்டவாளத்தைத் தாண்டி, பிளாட்பாரச் சரிவில் ஏறினால் கடைசிப் பெட்டி நிற்கும். எங்கள் ஸ்டேஷனுக்கு வாசல் அதுதான். நானும் அந்த வழியாகத்தான் போய் வந்தேன், சேலை கிழிந்தாலும்.

என் வீட்டுக்காரருக்குச் சிறுநீரகம் இரண்டும் கெட்டுப்போன பிறகு, வாரத்துக்கு மூன்று தடவை விருதுநகருக்கு டயாலிசிஸுக்குப் போக வேண்டியிருந்தது. காலை வண்டியில் இரண்டு பேரும் சேர்ந்து போவோம். அவரை ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டு நான் பள்ளிக்கூடம் போவேன். சாயங்காலம் சேர்ந்தே திரும்புவோம்.

ஒரு வாரம் அவருடைய தங்கை மகளுக்குக் காதுகுத்து. தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் காது குத்த வேண்டும். அது டயாலிசிஸ் நாள். "ஒரு தடவதான புள்ள, தங்கச்சி மனசு நோகக் கூடாது" என்றார். நான் சண்டை போட்டேன், கேட்கவில்லை. மடியில் பிள்ளையை வைத்துக்கொண்டு அவர் சிரித்த சிரிப்பைப் பார்த்ததும் எனக்கே கோபம் போய்விட்டது. அன்று கறிச்சோறு சாப்பிட்டார். என் கண்ணில் படாமல் தண்ணீரும் அளவுக்கு மீறிக் குடித்திருக்கிறார்.

அடுத்த முறை போக வேண்டிய நாள் காலையில் முகமும் காலும் வீங்கியிருந்தன. படுத்தால் மூச்சு முட்டுகிறது என்று சுவரில் சாய்ந்தே உட்கார்ந்திருந்தார். இன்றைக்கு மெஷினில் போட்டே ஆக வேண்டும், இல்லாவிட்டால் ஆள் தாங்காது என்று எங்கள் இரண்டு பேருக்கும் தெரிந்தது. ராத்திரி நல்ல மழை. மழையைப் பார்த்துப் பல நாளான ஊர், எல்லார் முகத்திலும் சந்தோஷம். சுரங்கப்பாதையில் நெஞ்சளவு தண்ணீர் நின்றது. ஆட்டோ ஊருக்குள் வர வழியில்லை. தார் ரோட்டிலும் அங்கங்கே தண்ணீர், ரயிலை விட்டால் வேறு கதியில்லை.

கரிசல் சேறு செருப்பைப் பிடித்து இழுத்தது. நாலு எட்டு வைப்பார், நிற்பார். சந்துக்கு இன்னும் கொஞ்ச தூரம் இருக்கும்போதே கிழக்கே வண்டி தெரிந்தது. அவர் தோளில் கிடந்த துண்டை நான்தான் உருவினேன். தலைக்கு மேலே தூக்கி ஆட்டினேன். எங்களைத் தாண்டிப் போகும்போது டிரைவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். நீளமாக ஓர் ஊதல் ஊதினார்.

அவர் என் கையைப் பிடித்து இழுத்தார். "வா புள்ள, வெரசா வா. இது அந்தக் காலத்து வண்டியில்ல, நிக்க மாட்டான்."

"ஊதிட்டாருல்ல, பாத்துட்டாரு. நிக்கும். மெதுவா வாங்க" என்றேன்.

அவர் மூச்சு வாங்குவதைப் பார்க்க முடியாமல் சொன்னேன். அப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். தண்டவாளத்தை விட்டுத் தள்ளிப் போ என்பதற்குத்தான் இந்தக் காலத்து டிரைவர் ஊதுவார். தினம் அந்த வண்டியில் போகிற எனக்கு அது தெரியாதா? கடைசிப் பெட்டியில் கார்டு இருந்தார். என் வீட்டுக்காரரை விட்டுவிட்டு நான் மட்டும் ஓடிப்போய்க் கத்தியிருந்தால் கார்டு ஒரு நிமிஷம் பொறுத்திருப்பார். நான் ஓடவில்லை. சந்தில் இவரைக் குனிய வைத்து, கம்பி முதுகில் படாமல் கையை வைத்து, நிதானமாகக் கூட்டிப் போனேன். நாங்கள் தண்டவாளத்தில் கால் வைத்தபோது வண்டி நகர்ந்துவிட்டது.

சரிவிலேயே உட்கார்ந்துவிட்டார். போன் செய்து தார் ரோட்டுக்கு ஆட்டோ வந்துசேர இரண்டு மணி நேரம் ஆனது, வருகிற வழியெல்லாம் தண்ணீர். அருப்புக்கோட்டை எல்லையைத் தொடும் முன்னால், என் தோளில் சாய்ந்தபடியே உயிர் போய்விட்டது.

சேதி கேட்டு அவருடைய தங்கை ஓடி வந்தாள். காதுகுத்துக்கு வரச்சொன்ன தன்னால்தான் எல்லாம் என்று தலையில் தலையில் அடித்துக்கொண்டாள். பிறகு என் முகத்தைப் பிடித்துத் திருப்பிக் கேட்டாள்.

"மதினி, வண்டிய எப்பிடி விட்டீக? கண்ணுக்கு முன்னாடிதான நின்னுச்சு?"

ஊரே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது.

"அவுகதான், 'ஊதிட்டான், நிக்கும், மெதுவாப் போலாம்'னாக" என்றேன்.

"பழைய நெனப்புலயே போயிட்டியே அண்ணே!" என்று அவள் அவர் மேல் விழுந்தாள். இப்போதும் ஊரில் அவரைப் பற்றிப் பேச்சு வந்தால் அதைத்தான் சொல்கிறார்கள், கொஞ்சம் சிரித்துக்கொண்டேகூட. பக்கத்தில் நான் இருப்பேன். வாயைத் திறப்பதில்லை.