பொன்னேரி வரைக்கும் பதினாறு வால்வு

கார் மெக்கானிக்கிடம் யாரும் சிரித்துக்கொண்டு வருவதில்லை; வண்டி வைத்துக்கொண்டு அல்லாடுகிற உங்களுக்கு இதை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

பழவேற்காட்டில் டச்சுக் கல்லறைக்குப் பக்கத்துச் சந்தில் என் ஷெட். படகு இன்ஜின் பிரிக்க இங்கே ஆள் நிறைய உண்டு. நாலு சிலிண்டர், தலையில் ரெண்டு கேம் ஷாஃப்ட், பதினாறு வால்வு என்றால் மட்டும் "பாய்கிட்ட போ" என்று தள்ளிவிடுவார்கள். எனக்கு அதில் கொஞ்சம் தலைக்கனமே இருந்தது.

குளியல்

கோட்டைக்குப்பத்து ஏகாம்பரம் அண்ணன் கடலுக்குப் போகிறவர். அவர் மனைவி தேசம்மாக்காவுக்குக் கிட்னி போய், வாரம் ரெண்டு நாள் பொன்னேரியில் டயாலிசிஸ். பஸ்ஸில் நின்றுகொண்டு போய்வர அக்காவால் முடியவில்லை. அதற்காகவே அண்ணன் ஒரு பழைய ட்வின் கேம் செடான் வாங்கினார்.

வாங்கிய மாசமே வண்டி குலுங்குது என்று வந்து நின்றார். இந்த இன்ஜினில் பிளக்குகள் ரெண்டு கேமுக்கும் நடுவே ஆழமான குழிக்குள் இருக்கும்; அதில் தண்ணீர் நின்றால் பொறி சரியாக வராது, வண்டி குலுங்கும். பார்த்தால் நாலு குழியிலும் தண்ணீர்! "இன்னாண்ணே, ஏரிக்குள்ள வுட்டீங்களா?" என்றேன். அவருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"கடலுக்குப் போய் வந்தா போட் இன்ஜின நல்ல தண்ணி ஊத்திக் கழுவுறோமில்ல? அதும்மாரி இதையும் தெனிக்கும் கழுவுறேன். இன்னா தப்பு?"

ஒரு போல்ட்

அப்புறம், கேம்களைச் சுற்றவைக்கிற டைமிங் பெல்ட்டை மாற்ற வந்தார். மறுநாள் ஆஸ்பத்திரி, சாயங்காலமே வண்டி வேண்டும். பெல்ட்டை இழுத்துப் பிடிக்கிற டென்ஷனர் போல்ட்டைக் கையால் சுற்றிவிட்டு, ஸ்பேனர் போட்டு இறுக்க மறந்தேன். "சரியாத்தான் இருக்கும்" என்று மூடியும் விட்டேன்.

மறுநாள் பாதி வழியில் பெல்ட் நழுவி, பிஸ்டன் வால்வுகளை இடித்து வளைத்து, வண்டி நின்றுவிட்டது. அக்கா ஒரு மீன் வேனில், ஐஸ் பெட்டிகளுக்கு நடுவே உட்கார்ந்து ஆஸ்பத்திரி போய்ச் சேர்ந்தார். நான் போய்த் திறந்தபோது அந்த போல்ட் விரலுக்கே சுற்றியது. "உப்புக்காத்து தின்னுடுச்சா பாய்?" என்று அண்ணனே கேட்டார். ஆமாம் என்றிருந்தால் முடிந்தது கதை. கடலோர மெக்கானிக்குக்கு உப்புக்காற்று எத்தனையோ தடவை கைகொடுத்திருக்கிறது. ஆனால் ஐஸ் பெட்டிகளுக்கு நடுவே அக்கா உட்கார்ந்து போனதுதான் கண்முன் நின்றது. "இல்லண்ணே. நான்தான் டைட் பண்ணாம வுட்டேன்" என்றேன். அவர் திட்டியிருந்தால்கூடத் தேவலை.

"என்னாண்ட சொல்லிட்டே. அவளாண்ட நீயே வந்து சொல்லு."

வேறு வண்டியின் ஹெட்

என் தப்புக்கு நானே, வால்வுகள் உட்கார்ந்திருக்கிற இன்ஜின் தலையை, அதாவது ஹெட்டை, தேடி அலைந்தேன். செடானுடையது கிடைக்கவில்லை. அதே கம்பெனி அதே இன்ஜினைத் தன் சின்னக் காரிலும், உயரக் கூரை வண்டியிலும் வைத்திருந்தது. சென்னைப் புதுப்பேட்டையில் பழைய பார்ட்ஸ் கடையொன்றில் சின்னக் காரின் ஹெட் ஒன்று அகப்பட்டது. அண்ணன் ஒத்துக்கொள்வாரோ என்று பயந்துகொண்டே விளக்கினேன். அவர் கையை வீசினார்.

"அட போ பாய், ஒரே மீனுக்கு எங்க குப்பத்துல ஒரு பேரு, பக்கத்தூரு தோணிரேவுல ஒரு பேரு. கொழம்பு ஒண்ணுதானே!"

அக்கா

வண்டியை நானே கோட்டைக்குப்பம் கொண்டுபோனேன். அக்கா ஆஸ்பத்திரிப் பையோடு வாசலில் நின்றார். போல்ட் விஷயத்தை ஒன்று விடாமல் சொன்னேன். தன் வீங்கிய காலைப் பார்த்தபடியே கேட்டுக்கொண்டார். பிறகு அண்ணன் ஸ்டியரிங்கைப் பிடிக்க, அக்கா பின்கதவைத் திறந்து உட்கார்ந்து, தள்ளி எனக்கு இடம் விட்டார்.

"தப்ப ஒத்துக்கினே, சரி. பொன்னேரி வரிக்கும் நீயும் ஏறு."

அன்றிலிருந்து எந்த வண்டியின் போல்ட்டையும், அதில் அடுத்து ஏறப்போவது நான்தான் என்று நினைத்துத்தான் முறுக்குகிறேன்.