சௌமு பிழிந்த சாறு

தோப்புகள் சூழ்ந்த முஹேசா ஊரில் ஆரஞ்சுக்குப் பஞ்சமில்லை, அதைப் பிழிவதற்குத்தான் ஆளில்லை என்பது சௌமுவின் தீர்ப்பு. தான் ஒருத்திதான் ஆள் என்பது அதன் மீதிப் பாதி. பழுத்தாலும் பச்சையாகவே இருக்கும் தோலை மெல்லிசாகச் சீவி, குறுக்கே வெட்டி, கையாலேயே பிழிவாள். மிக்சியில் போட்டால் விதை அரைபட்டுக் கசக்குமாம். தண்ணீர் கிடையாது, சீனி கிடையாது. வெளிர் மஞ்சளாக ஒரு டம்ளர் வரும். அதைக் குடிப்பவர் பாராட்டி முடிக்கும்வரை எதிரிலேயே நிற்பாள்.

பக்கத்து வீட்டுப் பிலி பாக்கெட் பவுடரைக் கரைக்கிறவள். நோன்பு மாதம் வந்தால் மதில் தாண்டி ஒரு ஜாடி அனுப்புவாள். சௌமு அதை வாங்கி, பிலி பார்த்துக்கொண்டிருக்கும்போதே தன் பப்பாளி மரத்தடியில் ஊற்றி, "பாவம், மரத்துக்கு வாயில்ல" என்பாள். இது ஒரு வருஷமா, இரண்டு வருஷமா! பிலியும் ஜாடியை நிறுத்தவில்லை. மகராசி, ரோஷமே இல்லாத ஜென்மம் என்று தெருவே நினைத்தது.

சௌமுவின் மகள் ருக்கியாவைப் பெண் கேட்டு மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். பையன் தங்கம். ஆனால் முடிவு அவனுடையதா? செலவெல்லாம் மஸ்கட்டிலிருந்து வந்திருந்த அவன் அத்தை நஸ்ராவுடையது, அதனால் வாயும் அவளுடையதே. ருக்கியா அந்தப் பையனைத் தவிர வேறு எவனையும் கட்டமாட்டேன் என்று அம்மாவிடம் அழுதிருந்தாள்.

சௌமு டம்ளரை நீட்டினாள். நஸ்ரா அதை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள்.

"என்ன இது, எலுமிச்சைத் தண்ணியா?"

"ஆரஞ்சுங்க. காலையில பறிச்சது."

"ஆரஞ்சா? மஸ்கட்ல ஜூஸ்னா பாத்த உடனே தெரியும், நெருப்பு மாதிரி இருக்கும். இதுல பாதிக்குப் பாதி தண்ணி. பேச்சுக்கு வந்தவங்களுக்கே இப்படி அளந்து ஊத்துற வீட்ல பொண்ணு எடுத்தா நாளைக்கு என்ன ஆகும்?"

ஆரஞ்சுத் தோப்புக்கு நடுவில் உட்கார்ந்து பேசுகிற பேச்சா இது! சௌமுவுக்கு வந்த கோபத்தில் டம்ளரை அந்தத் தலையிலேயே கவிழ்த்திருப்பாள். கதவோரம் ருக்கியாவின் முகம் வெளுத்துப் போயிருந்தது. "தப்பான டம்ளர் வந்துடுச்சுங்க, மாத்திக் கொண்டுவரேன்" என்று சிரித்துவிட்டு நேராகக் கொல்லைப்பக்கம் போனாள்.

"ஏ பிலி... அந்தப் பவுடர் இருக்கா?"

"எந்தப் பவுடர் அக்கா?"

"உயிரை எடுக்காதடி. ஆரஞ்சுப் பவுடர்."

"அடேயப்பா! பப்பாளி மரத்துக்கா?"

சௌமுவுக்குக் கண் கலங்கிவிட்டது. பிலி அதைப் பார்த்ததும் பாக்கெட்டோடு தானே கிளம்பி வந்தாள். "எத்தனை ஸ்பூன்னு உனக்கு எங்க தெரியப்போகுது, தள்ளு" என்று பிழிந்த சாற்றை ஓரம் வைத்துவிட்டுப் புதுசாகக் கரைத்தாள்.

நஸ்ரா ஒரே மூச்சில் குடித்துவிட்டு நாக்கைச் சப்புக்கொட்டினாள். "இதுதான் ஜூஸ்! பழத்தோட ருசி அப்படியே இருக்கு. யாரு போட்டது?" அவள் கண் பிலியின் விரலில் ஒட்டியிருந்த நிறத்தில் போய் நின்றது.

இத்தனை வருஷக் கணக்கையும் பிலி ஒரு வார்த்தையில் தீர்த்துக்கொள்ளலாம், கல்யாணமும் அத்தோடு போகும்.

"வேற யாரு? எங்க சௌமு அக்காதான்" என்றாள் பிலி. "நான் சும்மா கலக்கிக் குடுத்தேன். இந்தத் தெருவுல பழத்தைக் கையால பிழியிறது இவங்க ஒருத்தங்கதான். பவுடரெல்லாம் இவங்க வீட்டு மரம்கூடக் குடிக்காது."

அன்றே பேச்சு முடிந்தது. கல்யாணத்துக்கும் சம்பந்தியம்மா கையால் அதே ஜூஸ்தான் வேண்டும் என்று நஸ்ரா கட்டளையிட்டாள். ஊரே குடித்து, ஊரே சௌமுவைப் பாராட்டியது. அவள் எந்தப் பாராட்டுக்கும் எதிரில் நிற்கவில்லை.

அடுத்த நோன்பு மாதம், நோன்பு திறக்கிற நேரத்தில், மதில் தாண்டி ஜாடி வந்தது. பிலி வழக்கம்போல் அங்கேயே நின்றாள். சௌமு பப்பாளி மரத்தடிவரை போனாள், நின்றாள், ஜாடியைத் தூக்கி முழுசையும் தானே குடித்தாள்.

"சீனி கொஞ்சம் கம்மி" என்றாள்.

"நாளைக்குத் தூக்கலா போடுறேன் அக்கா" என்றாள் பிலி.