கூடைக்குள் சுட்ட பானை

கூடையில் களிமண் பூசி நெருப்பில் வைத்தானாம், கூடை எரிந்து மண் நின்றதாம். ஆதிமனிதன் பானை கண்டது அப்படித்தான் என்று பதுளைப் பள்ளியில் நேற்றுப் பாடம் நடத்தினேன். சொல்லும்போதே மூங்கில் கருகும் வாடை மூக்கில் ஏறியது.

என் சின்ன வயதில் ஒருநாள், தேயிலைத் தோட்டத் தொழிலாளர் லயத்து வரிசையில், எங்கள் வீட்டில் இருந்த ஒரே பானை உடைந்துவிட்டது. காய்ச்சலில் கிடந்த அப்பாவுக்குக் கஞ்சி காய்ச்ச வேண்டும். ஓட்டை விழுந்த, கொழுந்து பறிக்கும் கூடையின் அடிப்பாதிக்குள் அம்மா களிமண் பூசி, காயவைத்துச் சுட்டாள். கூடை எரிந்து, கோணலாய் ஒரு பானை நின்றது. அம்மா சிரித்தாள்.

அந்த நேரம், தோட்டத்துத் துரைக்காக வேலை வாங்கும் கங்காணி வந்தார். "தொரை கூடையவா எரிச்ச?"

"குப்பையில வீசுனதுங்க."

"வீசுனாலும் தொரையோடதுதான்டி!" பானையை உதைத்து நொறுக்கினார்.

அப்பா அன்று வெறும் தண்ணீர் குடித்துப் படுத்தார்.

ஆதிமனிதனைப் புத்திசாலி என்கிறது புத்தகம். அவனுக்குக் கங்காணி இல்லை.