அப்புவின் சொந்தக் குரல்

அப்பு பிறந்தது ஆர்ஜென்டீனாவில், கப்பல்கள் வந்துபோகும் ஓர் ஆற்றங்கரைப் பட்டணத்தில். அவருடைய தகப்பனார் இத்தாலியில் நாங்கள் இருக்கும் இந்தப் பலேர்மோக்காரர். ஊரோரத்துச் சியாகுல்லித் தோட்டங்களில் மண்டரின் தோடம்பழம் பறித்துக் கட்டுப்படியாகாமல் கப்பலேறியவர். நானும் இங்கே வந்த முதல் குளிர்காலம் அதே சியாகுல்லியில்தான் பழம் பறித்தேன். இதை அப்புவிடம் சொன்ன அன்றே என்னை வீட்டு வேலைக்கு வைத்துக்கொண்டார்.

ஒரு வெள்ளைக்காரருக்கு நாங்கள் ஏன் நினைவு மலர் அடிக்கிறோம் என்று சிலர் கேட்டார்கள். அவருக்கு இந்த ஊரில் வேறு சொந்தம் இல்லை. கடைசி வருடங்களில் அவரைக் குளிப்பாட்டியதும் சாப்பாடு கொடுத்ததும் நானும் அக்காவும். அக்காவின் பிள்ளைகள் அவரை அப்பு என்றார்கள், நாங்களும் அப்படியே கூப்பிட்டோம். நான் எட்டாம் வகுப்போடு நின்று, பல நாடு அலைந்தவன். எனக்குத் தெரிந்த அளவில் எழுதுகிறேன்.

அப்பு சினிமாவுக்குள் போனது விளக்குத் தூக்கத்தான். ஒருநாள் பொலிஸ்காரனாக நிற்க ஆள் வரவில்லை என்று இவரை நிறுத்தினார்கள். அதன் பிறகு நாற்பது வருடத்துக்கு மேல் நடித்தார். கள்ளன், பாதிரியார், தளபதி, கடன்கேட்டு வருபவன் என்று எல்லாம் சின்னப் பாத்திரங்கள். கதாநாயகனாக ஒருபோதும் நடித்ததில்லை. நாட்டில் பட்டாளத்தார் ஆட்சிக்கு வந்து, கூட நடித்தவர்கள் காணாமற்போகத் தொடங்கியபோது, மனைவியையும் சின்ன மகளையும் விட்டுவிட்டுத் தனியே இத்தாலிக்கு வந்தார். பிறகு கூப்பிடலாம் என்று நினைத்தாராம். அது நடக்கவில்லை.

இங்கேயும் நடித்தார். ஆனால் அவருடைய இத்தாலியன் சரியில்லை என்று ஒவ்வொரு படத்திலும் வேறொருவர் குரல் கொடுத்தார். அந்தப் படங்கள் ஆர்ஜென்டீனாவுக்குப் போகும்போது ஸ்பானிஷில் இன்னொருவர் குரல். மகள் தகப்பனை வெள்ளித்திரையில் பார்த்து வளர்ந்தாள், ஆனால் கேட்டதெல்லாம் ஆரோ ஒருவரின் குரல். வியா மக்வேதாத் தெருவுக்குப் பின்னால் உள்ள அவருடைய வீட்டில், தொலைக்காட்சியில் அவர் படம் போகும்போது அக்கா பகிடி விடுவா.

"அப்பு, போன கிழமை உங்களுக்கு நல்ல கட்டைக் குரல். இந்தக் கிழமை என்ன பூனை மாதிரிக் கதைக்கிறியள்?"

அவரும் சிரிப்பார்.

பிறகு தொண்டையில் வருத்தம் வந்தது. சத்திரசிகிச்சை செய்தால் உயிர் கொஞ்சம் நீளும், குரல் போய்விடும் என்றார் வைத்தியர். அப்பு நாள் தள்ளிப் போட்டார். ஏன் என்று எனக்கு விளங்கவில்லை. அந்த நேரம் யாழ்ப்பாணத்துக்குக் கடிதம் ஒழுங்காகப் போகாது. நான் அம்மாவுக்குக் கசற்றில் கதைத்து, கொழும்புக்குப் போகிறவர்களிடம் கொடுத்துவிடுவேன். ஒருநாள் சமையலறையில் அப்படிப் பதிவு செய்துகொண்டிருந்ததை அப்பு பார்த்துக்கொண்டு நின்றார். நான் ஒரு பக்கத்தோடு நிறுத்தியதும் கேட்டார்.

"தம்பி, மற்றப் பக்கம்?"

"அது அம்மாவுக்கு, அப்பு. கேட்டுப்போட்டு அதிலை தான் கதைச்சு அனுப்புவா."

"அவவுக்கு ஆர் சொன்னது?"

"ஒருத்தரும் சொல்லத் தேவையில்லை. கேக்கிறவைக்குத் தெரியும்."

அந்தக் கிழமையே அப்பு கதவைச் சாத்திக்கொண்டு மகளுக்காக ஒரு பக்கம் முழுக்கக் கதைத்தார். மற்றப் பக்கத்தை வெறுமையாக விட்டார். தபாலில் போட்டுவிட்டு வந்து, சத்திரசிகிச்சைக்குச் சம்மதித்தார்.

அதன் பிறகு அவரிடமிருந்து ஒரு சொல்லும் வரவில்லை. தபால்காரரின் ஸ்கூட்டர் சத்தம் கேட்டால் என்னைப் பார்ப்பார். நான் கீழே போய்ப் பார்த்துவிட்டு வந்து, இன்னும் வரேல்லை என்பேன். வருடப் பிறப்புக்கு மகளிடமிருந்து வாழ்த்து அட்டை வந்தது. அட்டையை வாசித்துவிட்டு, உறையைக் கவிழ்த்துக் குலுக்கினார். நான் போன் எடுத்துக் கேட்கட்டுமா என்றேன். வேண்டாம் என்று கையைக் காட்டினார். கேட்டு வாங்குகிற பதில் அவருக்குத் தேவையில்லை என்று நினைக்கிறேன்.

சியாகுல்லியில் கடைசி மண்டரின் பறிக்கும் நாட்களில் அப்பு இறந்தார்.

அடக்கம் முடிந்த பிறகுதான் மகளால் வந்து சேர முடிந்தது. அவவுக்குத் தகப்பனின் முகம் அப்படியே. கொஞ்சம் இத்தாலியனும் தெரிந்திருந்தது. நான் தேநீர் கொடுத்துவிட்டு, கசற் கிடைத்ததா என்று கேட்டேன். கிடைத்தது, ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் கேட்பேன் என்றா. கதைக்க முடியாத மனிதருக்குப் போன் எடுத்து வருத்தக்கூடாது என்று இருந்துவிட்டாவாம்.

"மற்றப் பக்கம்?" என்றேன்.

"அதில் ஒன்றும் இல்லையே. ஏதாவது சொல்லியிருப்பாரோ என்று கடைசிவரை ஓடவிட்டுக் கேட்டேன்."

"அது உங்களுக்கு விட்ட பக்கம்."

அவ தேநீரைக் கீழே வைத்துவிட்டா. எங்கள் ஆட்களில் சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த வழக்கம் அது. கடல் கடந்த ஊரில் அது தெரியாது என்று எனக்கும் அப்புவுக்கும் தோன்றவேயில்லை.

போவதற்கு முதல் நாள் கசற்றைப் பையிலிருந்து எடுத்து, எங்களுடைய ரேப் ரெக்கோடரை வாங்கிக்கொண்டு அப்புவின் அறைக்குள் போனா. வெளியே வந்து கசற்றை என் கையில் தந்தா. நாங்கள் அதை இன்னும் போட்டுக் கேட்கவில்லை.

அப்புவைத் தூக்க வந்த பிரான்காச்சோப் பகுதிப் பொடியளுக்கும், இரவில் ஆஸ்பத்திரியில் முறைவைத்து இருந்தவர்களுக்கும், மாடிப்படி ஏறி இறங்கிய கீழ்வீட்டுச் சினியோரா அம்மாவுக்கும், இன்று இந்த ஆண்டுத் திவசத்துக்கு வந்த எல்லாருக்கும் எங்கள் நன்றி. படையலுக்குப் பிறகு அப்புவின் படத்துக்கு முன்னால் மற்றப் பக்கத்தைப் போடுவோம். ஸ்பானிஷ் எங்களில் ஒருவருக்கும் விளங்காது. ஆனாலும் அது ஓடி முடியும் வரைக்கும் பிள்ளைகளைச் சத்தம்போடாமல் வைத்திருக்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.